பிளாட்பாரத்தில் நான்காவது தலைமுறை!

வேலை இருக்கிறது, ஓட்டு இருக்கிறது... பூட்டிக்கொள்ள ஒரு கதவு மட்டும் இல்லை!

இரவு பத்து மணிக்கு மேல் சென்னை பாரிமுனைப் பக்கம் போனவர்களுக்கு இந்தக் காட்சி தெரிந்திருக்கும். என்.எஸ்.சி. போஸ் சாலை, பிராட்வே, வால்டாக்ஸ் சாலை எங்கும் கடைகளின் ஷட்டர்கள் ஒவ்வொன்றாக இறங்கும். ஷட்டர் இறங்கிய இடத்தில் பாய் விரியும். கம்பத்தில் கட்டி வைத்திருந்த மூட்டையிலிருந்து போர்வையும் கொசுவலையும் வெளியே வரும். பிள்ளைகளைச் சுவர் ஓரமாகப் படுக்கவைத்து, பெண்கள் நடுவில் படுக்க, ரோட்டைப் பார்த்த பக்கம் ஆண்கள் படுப்பார்கள். கடைசிக் கடை மூடும்வரை யாரும் தலைசாய்க்க முடியாது. முதல் கடை திறப்பதற்குள் எழுந்து, சுருட்டி, இருந்த சுவடே தெரியாமல் இடத்தைக் காலி செய்துவிட வேண்டும்.

இவர்கள் நேற்று ரயிலேறி வந்தவர்கள் அல்ல. ஜார்ஜ் டவுனிலும் அதைச் சுற்றியும் மூன்று, நான்கு தலைமுறைகளாக இதே நடைபாதையில் பிறந்து, இங்கேயே கல்யாணம் கட்டி, பிள்ளை பெற்று, செத்துப்போன குடும்பங்கள் இருக்கின்றன. கொத்தவால் சாவடி சந்தை செழிப்பாக இருந்த காலத்தில் மூட்டை தூக்க வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் இவர்கள். மொத்தக் காய்கறி வியாபாரம் 1996-ல் கோயம்பேட்டுக்குப் போனது. மூட்டை தூக்கியவர்களின் குடும்பங்கள் போகவில்லை. துறைமுகம், மின்ட் தெரு, பூக்கடை, பாரிமுனை மொத்தக் கடைகள் என்று அவர்களுக்கான வேலை இங்கேயே மிச்சமிருந்தது.

வீடில்லாதவர் என்றதும் கையேந்தி நிற்கும் ஓர் உருவம்தான் பலருக்கும் மனதில் வருகிறது. நடைபாதையில் ஒரு நாள் கூர்ந்து பார்த்தால் அந்த உருவம் கலைந்துவிடும். ஆண்கள் மீன்பாடி வண்டி மிதிக்கிறார்கள், லோடு ஏற்றி இறக்குகிறார்கள், கல்யாண மண்டபங்களில் சமையலுக்கு எடுபிடியாகப் போகிறார்கள். பெண்கள் பூக் கட்டுகிறார்கள், வீட்டு வேலைக்குப் போகிறார்கள், பழைய பேப்பரும் பிளாஸ்டிக்கும் பொறுக்கி எடைக்குப் போடுகிறார்கள். உழைக்காமல் இருப்பவர்கள் இங்கே குறைவு. ஆனால், அந்த உழைப்பில் வரும் காசு, ஒரு வீட்டின் வாசலைத் தாண்டப் போதவில்லை.

கணக்கில் வராத ஜனங்கள்

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், பிப்ரவரி 28-ம் தேதி இரவு, வீடற்றவர்களை எண்ணுவதற்கென்றே ஊழியர்கள் தெருவுக்கு வந்தார்கள். கூரையுள்ள கட்டடத்தில் வசிக்காமல் சாலையோரம், நடைபாதை, மேம்பாலத்தின் அடி, படிக்கட்டின் கீழ், பெரிய சிமென்ட் குழாய், கோயில் வாசல், ரயில் நிலைய மேடை என்று இருப்பவர்கள் அனைவரும் வீடற்றோர் என்பது அவர்களுக்குத் தரப்பட்ட இலக்கணம். அந்த ஓரிரவுக் கணக்கில் நாடு முழுக்க 17.73 லட்சம் பேர் வந்தார்கள். அதில் நகரங்களில் மட்டும் 9.38 லட்சம்.

இதில் கவனிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. 2001-ல் மொத்த எண்ணிக்கை 19.43 லட்சம். அதாவது, பத்தாண்டில் நாட்டின் மொத்தக் கணக்கு குறைந்தது. ஆனால், நகரங்களில் 7.78 லட்சமாக இருந்தது 9.38 லட்சமாக, ஏறத்தாழ 20 சதவிகிதம் ஏறியது. கிராமத்தில் கூரை கிடைக்கத் தொடங்கிய அதே காலத்தில் நகரத்தில் கூரை நழுவியிருக்கிறது.

இந்தக் கணக்கிலும் ஓட்டை உண்டு. இரவு வேலைக்குப் போனவர், போலீஸுக்குப் பயந்து இடம் மாறியவர், மருத்துவமனை வளாகத்துக்குள் படுத்திருந்தவர், தன்னைப் பற்றிச் சொல்லத் தெரியாத மனநோயாளி என்று ஒரே ராத்திரியில் தவறிப்போகக் கூடியவர்கள் ஏராளம். 2021-ல் நடந்திருக்க வேண்டிய அடுத்த கணக்கெடுப்பு 2027-க்குத் தள்ளிப்போய்விட்டது. 2011-ல் பாயில் தூங்கிய குழந்தைக்கு இன்று ஓட்டுப் போடும் வயது நெருங்கிவிட்டது. அரசாங்கமோ இன்னமும் அந்தப் பழைய எண்ணை வைத்துத்தான் திட்டம் போடுகிறது.

வாடகை தரலாம்... அட்வான்ஸ்?

“சம்பாதிக்கிறார்களே, வாடகைக்கு வீடு பார்க்கக் கூடாதா?” என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்விதான். சென்னையில் வாடகை வீடு தேடிய எல்லோருக்கும் அதன் விடையும் தெரியும். மாத வாடகையைக்கூட எப்படியாவது புரட்டிவிடலாம், அட்வான்ஸைப் புரட்ட முடியாது. பத்து மாத வாடகையை முன்பணமாகக் கேட்பது சென்னையின் வெகுநாள் வழக்கம். 2019-ல் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டின் புதிய வாடகைச் சட்டம், மூன்று மாத வாடகைக்கு மேல் முன்பணம் வாங்கக் கூடாது என்கிறது. ஆனால், இரு தரப்பும் வேறு விதமாக ஒப்பந்தம் செய்துகொண்டால் அது பொருந்தாது என்று அந்தச் சட்டமே வழியும் விட்டிருக்கிறது. வீடு தேடி நிற்பவருக்குப் பேரம் பேசும் பலம் ஏது?

தினக்கூலியில் சேமிப்பு நிற்காது. ஒரு காய்ச்சல், ஒரு பிரசவம், ஒரு வார மழை போதும், சேர்த்தது கரைந்துவிடும். பூட்டுப் போட்டு வைக்க ஓர் இடம் இல்லாதவரால் கையிலிருக்கும் பணத்தைக் காப்பாற்றுவதே பெரும்பாடு. பாத்திரம் திருடு போகும், போன் திருடு போகும், ஆதார் அட்டை இருக்கும் பை திருடு போகும். சமைக்க இடமில்லாததால் கடையில் வாங்கிச் சாப்பிட வேண்டும். குளிக்கக் காசு, கழிப்பறைக்குக் காசு, செல்போன் சார்ஜ் போடவும் யாரையாவது அண்டி நிற்க வேண்டும். வீடுள்ள ஏழைக்கு இலவசமாகக் கிடைப்பதெல்லாம் வீடில்லாத ஏழைக்கு விலைக்குத்தான் கிடைக்கிறது. 2013-ல் வந்த அம்மா உணவகத்தின் ஒரு ரூபாய் இட்லியும் ஐந்து ரூபாய் சாம்பார் சாதமும் இவர்களுக்கு எத்தனை பெரிய ஆறுதல் என்பது அந்த வரிசையில் நிற்பவர்களுக்குத்தான் தெரியும்.

வேலைக்குப் பக்கத்தில் இருப்பதற்காகவே மனிதர்கள் நடைபாதையில் வாழ்கிறார்கள், அங்கிருந்து விரட்டினால் பிழைப்பும் போய்விடும் என்பதை உச்ச நீதிமன்றம் 1985-லேயே ஏற்றுக்கொண்டது. பம்பாய் நடைபாதைவாசிகளுக்காகப் பத்திரிகையாளர் ஓல்கா டெல்லிஸ் தொடுத்த வழக்கு அது. வாழும் உரிமைக்குள் பிழைக்கும் உரிமையும் அடக்கம் என்று தலைமை நீதிபதி ஒய்.வி.சந்திரசூட் தலைமையிலான அமர்வு சொன்னது. ஆனால், அதே தீர்ப்பு, மழைக்காலம் முடிந்ததும் நடைபாதைகளை அப்புறப்படுத்தவும் அனுமதித்தது. உரிமை ஏட்டில் ஏறியது, மூட்டைகள் லாரியில் ஏறின.

தூங்காத பெண்கள்

நடைபாதை வாழ்க்கையின் முழுச் சுமையும் பெண்களின் தலையில்தான் இறங்குகிறது. விடிவதற்குள் அல்லது இருட்டிய பிறகுதான் இயற்கை உபாதையைக் கழிக்க முடியும் என்பதால், பகலில் தண்ணீர் குடிப்பதையே குறைத்துக்கொள்கிறார்கள். சிறுநீர்த் தொற்று அவர்களுக்கு வாடிக்கை. சேலையைச் சுற்றி மறைத்துக் குளிப்பது, மாதவிடாய்த் துணியை உலர்த்த இடமில்லாமல் தவிப்பது, பிரசவமான சில நாளில் கைக்குழந்தையோடு மறுபடி அதே பிளாட்பாரத்துக்குத் திரும்புவது என்று எதிலும் மறைப்பு இல்லை, ஓய்வும் இல்லை. குடித்துவிட்டு வருபவர்கள், வம்புக்கென்றே வண்டியை நிறுத்துபவர்கள், கட்டுப்பாடு இழந்து நடைபாதையில் ஏறும் வாகனங்கள் என்று ராத்திரி முழுக்க ஒரு கண் திறந்தே இருக்க வேண்டும். வயதுக்கு வந்த பெண்ணைத் தெருவில் வைத்திருக்கப் பயந்து பதினாறு, பதினேழு வயதிலேயே கட்டிக்கொடுத்துவிடுகிறார்கள். அந்தக் கல்யாணத்தோடு அடுத்த தலைமுறையும் பிளாட்பாரத்தில் தொடங்குகிறது.

குழந்தைகளின் பாதுகாப்பு எந்த லட்சணத்தில் இருந்தது என்பதற்குச் சென்னையிலேயே ஒரு வழக்கு சாட்சி. 1999-ல் புளியந்தோப்பில் பெற்றோர் பக்கத்தில் தெருவோரம் தூங்கிக்கொண்டிருந்த ஒன்றரை வயதுக் குழந்தை காணாமல் போனது. குழந்தைகளைக் கடத்தி வெளிநாட்டுக்குத் தத்துக் கொடுத்த ஒரு கும்பல் 2005-ல் போலீஸிடம் சிக்கியபோதுதான், அந்தக் குழந்தை நெதர்லாந்து வரை போயிருக்கலாம் என்று தெரியவந்தது. கதவுக்குப் பின்னால் தூங்கியிருந்தால் அந்தக் குழந்தையை அவ்வளவு எளிதாகத் தூக்கிப்போயிருக்க முடியாது.

படிப்பின் கதையும் இதுதான். பக்கத்து மாநகராட்சிப் பள்ளியில் பெயர் இருக்கிறது. மதிய உணவு இருக்கிறது, 2022 முதல் காலை உணவும் கிடைக்கிறது. ஆனால், புத்தகப்பையை வைக்க இடமில்லை, நனையாமல் காப்பாற்ற வழியில்லை, தெருவிளக்கும் இரைச்சலும்தான் படிக்கும் அறை. வகுப்பில் தூங்கி விழும் பிள்ளையை ஆசிரியர் அதட்டும்போது, அது முந்தைய ராத்திரி எத்தனை மணிக்குப் படுத்தது என்று யாரும் கேட்பதில்லை. அதே பிள்ளைகளுக்கு ஒரு கை கிடைத்தால் என்ன நடக்கும் என்பதையும் பார்த்துவிட்டோம். 2019-ல் லண்டன் லார்ட்ஸ் மைதானத்தில் நடந்த தெருவோரக் குழந்தைகளுக்கான கிரிக்கெட் உலகக் கோப்பையை ‘இந்தியா தெற்கு’ அணி வென்றது. தண்டையார்பேட்டை கருணாலயா அமைப்பு வளர்த்தெடுத்த வடசென்னைப் பிள்ளைகள் அந்த அணியில் ஆடினார்கள்.

மனம் பேதலித்துத் தெருவுக்கு வந்தவர்கள் ஒரு பக்கம் என்றால், தெருவுக்கு வந்ததால் மனம் பேதலித்தவர்கள் மறுபக்கம். சென்னையில் தெருவில் கண்ட ஒரு பெண்ணின் நிலை பொறுக்காமல் 1993-ல் வந்தனா கோபிகுமார், வைஷ்ணவி ஜெயக்குமார் என்ற இரண்டு இளம்பெண்கள் தொடங்கிய ‘தி பேன்யன்’ அமைப்பு, ஆயிரக்கணக்கானோரை மீட்டிருக்கிறது. சிகிச்சைக்குப் பின் வீட்டுக்குத் திரும்ப முடியாதவர்களை விடுதியில் அடைத்து வைக்காமல், சாதாரணக் குடியிருப்புப் பகுதியில் வாடகை வீடு எடுத்து, நாலைந்து பேராகச் சேர்ந்து வாழ வைத்தார்கள். மருந்து ஒரு பங்கு வேலையைச் செய்தால், சொந்தமாகச் சமைத்து, கடைக்குப் போய், அக்கம்பக்கத்தில் பேசிப் பழகும் வாழ்க்கை மீதிப் பங்கைச் செய்கிறது. பின்லாந்து 2008 முதல் தேசிய அளவில் கடைப்பிடிப்பதும் இந்த வழியைத்தான். முதலில் வீட்டைக் கொடு, மற்றதை அதற்குப் பிறகு சரிசெய் என்பதே அதன் சுருக்கம்.

காப்பகம் யாருக்கு?

2009 டிசம்பர் குளிரில் டெல்லியில் ஒரு தற்காலிக இரவுக் கூடாரம் இடிக்கப்பட்டு, அங்கிருந்தவர்கள் சிலர் இறந்ததாகப் புகார் எழுந்தது. உணவு உரிமை வழக்கை விசாரித்துவந்த உச்ச நீதிமன்றம் அதைக் கையில் எடுத்தது. பெருநகரங்களில் லட்சம் பேருக்கு ஒரு காப்பகம், வருடம் முழுக்க, 24 மணி நேரமும் திறந்திருக்க வேண்டும் என்று 2010-ல் உத்தரவிட்டது. 2013-ல் வந்த தேசிய நகர்ப்புற வாழ்வாதார இயக்கம், தலைக்கு 50 சதுர அடி, தண்ணீர், கழிப்பறை, சமையலறை என்று அதற்கு விதிகளும் வகுத்தது.

இந்த உத்தரவைக் கொஞ்சமாவது மதித்த நகரங்களில் சென்னையும் ஒன்று. ஆண்களுக்கு, பெண்களுக்கு, சிறுவர்களுக்கு, மனநலம் பாதித்தவர்களுக்கு என்று தனித்தனிக் காப்பகங்களைத் தொண்டு நிறுவனங்களோடு சேர்ந்து மாநகராட்சி நடத்துகிறது. அரசு மருத்துவமனைகளில் நோயாளிகளின் உறவினர்கள் தங்கவும் இடம் உண்டு. வெளியூரிலிருந்து சிகிச்சைக்கு வந்து மரத்தடியில் வாரக்கணக்கில் கிடந்தவர்களுக்கு அது பெரிய உபகாரம். ஆனாலும், விரிவாக்கப்பட்ட சென்னையின் மக்கள்தொகை 2011-லேயே 66 லட்சத்தைத் தாண்டிவிட்டது. லட்சத்துக்கு ஒன்று என்ற கணக்குப்படி அன்றைக்கே 66 காப்பகங்கள் தேவைப்பட்டன. நகரமும் அதற்குப் பிறகு வளராமல் நிற்கவில்லை.

எண்ணிக்கையைவிடப் பெரிய சிக்கல் வேறு. பெற்ற பிள்ளைகள் கைவிட்ட முதியவருக்கும், வேலை தேடி வந்த தனி ஆளுக்கும் காப்பகம் பொருந்தும். கணவன், மனைவி, நான்கு பிள்ளைகள், ஒரு கிழவி என்று இருக்கும் குடும்பத்துக்கு அது பொருந்தாது. ஆண்களை ஓர் இடத்துக்கும் பெண்களை இன்னோர் இடத்துக்கும் பிரித்து அனுப்பும் ஏற்பாட்டுக்கு எந்தக் குடும்பம் சம்மதிக்கும்? ‘காப்பகத்துக்குக் கூப்பிட்டால் வரமாட்டேன் என்கிறார்கள்’ என்று அதிகாரிகள் அலுத்துக்கொள்வதற்குப் பின்னால் உள்ள காரணம் இதுதான். தற்காலிகம் என்ற சொல்லையும் இவர்கள் நம்புவதில்லை. 2000-களின் தொடக்கத்தில் நேரு ஸ்டேடியம் பகுதியிலிருந்து அப்புறப்படுத்தப்பட்ட நடைபாதைக் குடும்பங்கள், தற்காலிகமாக இருக்கட்டும் என்று கண்ணப்பர் திடலில் ஒரு மாநகராட்சிக் கட்டடத்தில் வைக்கப்பட்டன. அந்தத் ‘தற்காலிகம்’ இருபது ஆண்டுகளைத் தாண்டியது.

தூரத்து வீடு

அப்படியானால் வீடே கொடுத்துவிட்டால்? கொடுத்தார்கள். 2000-ம் ஆண்டையொட்டிக் கண்ணகி நகர், பிறகு செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் என்று நகரின் தென்கோடியில் ஆயிரக்கணக்கான வீடுகளைக் குடிசை மாற்று வாரியம் கட்டியது. சென்ட்ரலிலிருந்து 20 கிலோமீட்டருக்கும் அப்பால். கூவம் கரையிலிருந்தும் குடிசைப் பகுதிகளிலிருந்தும் கூட்டங்கூட்டமாக ஏற்றிச்சென்று இறக்கினார்கள், பல நேரம் கல்வியாண்டின் நடுவில். காலையில் நான்கு வீடுகளில் பாத்திரம் கழுவிய பெண்ணுக்கு, பஸ்ஸுக்கே இரண்டு மணி நேரம் போனது. வேலை போனது. பிள்ளைகளின் படிப்பு நின்றது. ஆஸ்பத்திரியும் ரேஷன் கடையும் பல காலம் கழித்துத்தான் வந்தன. வீட்டைப் பூட்டி வைத்துவிட்டு மறுபடி பழைய இடத்துக்கே தூங்க வந்தவர்கள் உண்டு. வீட்டை வாங்கிக்கொண்டு ஏமாற்றுகிறார்கள் என்று அவர்களைத்தான் ஏசினோம்.

இன்னொரு தண்டனையும் சேர்ந்தது. கண்ணகி நகர் என்று விலாசம் சொன்னாலே வேலைக்கு எடுக்கத் தயங்கினார்கள், கடன் தர யோசித்தார்கள். 2025-ல் பஹ்ரைனில் நடந்த ஆசிய இளையோர் விளையாட்டில் கபடித் தங்கம் வென்ற இந்திய அணியில் கண்ணகி நகர் கார்த்திகா இருந்தார். அதன் பிறகுதான் ஊர் அந்தப் பெயரை மரியாதையோடு உச்சரித்தது. விலாசம் இல்லாததால் ஒருவரைத் தள்ளி வைத்தோம், விலாசம் கொடுத்த பிறகு அந்த விலாசத்துக்காகவே தள்ளி வைத்தோம்!

நமக்கென்ன நஷ்டம்?

இது அவர்களின் பாடு மட்டுமல்ல. காசநோய்க்கு ஆறு மாதம் விடாமல் மருந்து சாப்பிட வேண்டும். அடிக்கடி இடம்மாற்றப்படுபவரால் அது முடியாது, தொற்று ஊருக்கே திரும்பும். கழிப்பறை இல்லாத தெருவில் கடை வைத்திருப்பவரும் அவதிப்படுகிறார். நடைபாதை போய்விட்டதால் பாதசாரி ரோட்டில் இறங்கி நடக்கிறார். கடைக்காரருக்கும் குடும்பங்களுக்கும் தினமும் சண்டை, இருவருக்கும் நடுவில் போலீஸ். ஒவ்வொரு முறையும் அப்புறப்படுத்த, லாரி வைக்க, மறுபடி அப்புறப்படுத்த ஆகும் செலவும் மக்கள் வரிப்பணம்தான். பிரச்னை தீராமல் தெரு மட்டும் மாறுகிறது.

சட்டமோ இன்னும் பிரிட்டிஷ் காலத்திலேயே நிற்கிறது. 1945-ம் ஆண்டின் மெட்ராஸ் பிச்சைத் தடுப்புச் சட்டம், வறுமையைக் குற்றமாகப் பார்க்கிறது. டெல்லியில் நடைமுறையில் இருந்த இதேபோன்ற சட்டத்தின் முக்கியப் பிரிவுகளை டெல்லி உயர் நீதிமன்றம் 2018-ல் ரத்து செய்தது. கொரோனா காலத்தில் தெருவிலிருப்பவர்களை அகற்றக் கோரி வந்த மனுவை விசாரித்த உச்ச நீதிமன்ற நீதிபதி டி.ஒய்.சந்திரசூட் அமர்வு, இதை மேட்டுக்குடிப் பார்வையில் அணுக மாட்டோம் என்று 2021-ல் சொல்லிவிட்டது. 1985 தீர்ப்பை எழுதிய நீதிபதியின் மகன் அவர். தந்தையும் மகனும் முப்பத்தாறு ஆண்டு இடைவெளியில் ஏறத்தாழ ஒன்றையே சொன்ன பிறகும் தெருவில் நிலைமை மாறவில்லை.

ஓட்டு உண்டு, கார்டு இல்லை

தேர்தல் ஆணையத்திடமிருந்து மற்ற துறைகள் கற்றுக்கொள்ள ஒரு பாடம் இருக்கிறது. வீடற்ற ஒருவர் வாக்காளர் பட்டியலில் சேர, முகவரிச் சான்று கட்டாயமில்லை. தான் தூங்கும் இடத்தைப் படிவத்தில் எழுதிக் கொடுத்தால் போதும். அலுவலர் இரவில் நேரில் வந்து, அவர் அங்கேதான் படுத்திருக்கிறாரா என்று பார்த்து உறுதி செய்ய வேண்டும் என்பது விதி. ஓட்டுக்காக ராத்திரியில் தேடி வர அரசு இயந்திரத்தால் முடிகிறது. ரேஷன் கார்டுக்கும், அந்தக் கார்டை வைத்து வரும் மகளிர் உரிமைத்தொகைக்கும், முதியோர் பென்ஷனுக்கும், வீட்டுத் திட்டத்துக்கும் மட்டும் முகவரிச் சான்றோடு பகலில் வந்து நிற்கச் சொல்கிறார்கள். அதே இரவு ஆய்வை எல்லாத் துறைகளும் ஏற்றுக்கொண்டால், இவர்களில் பெரும்பாலோருக்குப் பாதிக் கதவு திறந்துவிடும்.

மீதிப் பாதி, வீடு. ஜார்ஜ் டவுனில் பிழைப்பவருக்கு ஜார்ஜ் டவுனைச் சுற்றி நடந்து போகும் தூரத்தில் வீடு வேண்டும். சொந்த வீடாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. அட்வான்ஸ் இல்லாத, தினக்கூலிக்கு ஏற்ற வாடகையில் மாநகராட்சியே நடத்தும் சிறு வீடுகள் போதும். வடசென்னையில் வாரியத்தின் பழைய அடுக்குமாடிகளை இடித்துக் கட்டும்போது அதில் ஒரு பங்கை நடைபாதைக் குடும்பங்களுக்கென்று ஒதுக்கலாம். பயனாளி பங்குத்தொகை என்று லட்சங்களைக் கேட்காமல் இருக்கலாம். அதுவரை, குடும்பத்தைப் பிரிக்காத காப்பகங்களும், 24 மணி நேரமும் இலவசமாகத் திறந்திருக்கும் கழிப்பறை, குளியலறைகளும், பொருள் வைத்துப் பூட்ட லாக்கர்களும் உடனே செய்யக் கூடியவை. பெரிய பட்ஜெட் கேட்கும் காரியங்கள் அல்ல இவை.

உங்கள் பங்குக்கு ஒன்று செய்யுங்கள். சென்னையில் தெருவில் ஆதரவற்றுக் கிடப்பவரைப் பார்த்தால் மாநகராட்சியின் 1913-க்கு அழையுங்கள். குழந்தை என்றால் 1098, முதியவர் என்றால் 14567, உயிருக்கு ஆபத்து என்றால் 108. அதோடு நின்றுவிடாமல், உங்கள் வார்டு கவுன்சிலர் அடுத்த முறை வீட்டு வாசலுக்கு வரும்போது, நம் தெருவில் தூங்கும் குடும்பத்துக்கு இந்த வார்டுக்குள்ளேயே எப்போது வீடு கிடைக்கும் என்று கேளுங்கள். அவர்களை இங்கிருந்து எப்போது அனுப்புவீர்கள் என்ற கேள்வியை மட்டுமே இத்தனை வருடமாக நாம் கேட்டுக்கொண்டிருக்கிறோம். அந்தக் கேள்வியால் ஒரு குடும்பத்துக்குக்கூட வீடு கிடைக்கவில்லை.